மூன்று மூட்டைக் குப்பை

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன்: இந்தக் கதை கோபத்தில் தொடங்கியது. கருத்தரங்கு ஒன்றில் ஒருவர் ‘அடித்தட்டு மக்களோடு கலைப்பணி’ என்று அரை மணி நேரம் முழங்கினார். அந்த மக்களில் ஒருத்தியின் மகள் நான், பின்வரிசையில்தான் உட்கார்ந்திருந்தேன். முதல் வரியை அங்கேயே எழுதினேன்:

‘அவள் துடைப்பத்தை ஓங்கினாள், புரட்சியின் முதல்…’

வேண்டாம். என் அம்மா படித்தால் சிரிப்பாள்.

2

சரி, இவளை வைத்துக்கொள்வோம். வீட்டில் முதன்முதலாகப் பட்டம் வாங்கியவள். பன்னிரண்டு மாடி அலுவலகம் ஒன்றைப் பெருக்கித் துடைக்கும் ஆறு பெண்களைச் சேர்த்து, அவர்கள் வேலையையே நாடகமாகப் போடுகிறாள். அதை ஆவணப்படமாகவும் எடுக்கிறாள். ஆறு பேரில் ஒருத்தி அவள் அம்மா. மற்றவர்களுக்கு இவள் ‘டைரக்டர்’, பாதி கிண்டலாக.

முதல் ஆட்டத்தன்று அம்மா நிபந்தனை போட்டாள்: “இன்னைக்கு நான் அசிங்கப்பட்டேன்னா, படத்துல என் மூஞ்சி இருக்கக் கூடாது. வெட்டிடு.”

இரண்டு வருடப் படம். பாதிக்கு மேல் அம்மாவின் முகம்தான்.

3

மேடைக்கு வேண்டியது, அதே அலுவலகத்திலிருந்து கொண்டுவந்த மூன்று மூட்டைக் குப்பை. காகிதம், கப், கிழிந்த கவர் என்று இவள் காலை முழுக்க மண்டியிட்டு அடுக்கினாள். (குப்பையை யாராவது அடுக்குவார்களா என்று கேட்காதீர்கள். கேமராவுக்கு அடுக்கத்தான் வேண்டும்.) புரொஜெக்டரைப் பார்த்துவிட்டுத் திரும்பினால் மேடை பளபளவென்று மின்னியது.

“யாரு பண்ணது?”

ஆறு பேரும் பெருமையாக நின்றார்கள்.

“நாலு பேர் வர்ற இடம். இப்படியா போட்டு வைப்பே?” என்றாள் அம்மா.

“ஐயோ, அதுதாம்மா செட்டு!”

“குப்பை வண்டியில ஏத்தி அனுப்பியாச்சே, டைரக்டர்,” என்றாள், லிஃப்ட்டைத் துடைப்பதால் லிஃப்ட் அக்கா என்று பேர் வாங்கியவள்.

(இங்கே இவளை அழவைத்து ஒரு பத்தி எழுதி அடித்துவிட்டேன். இவள் அழுகிற ரகமில்லை. கத்தினாள்.)

வாசலில் பார்வையாளர்கள், அந்த அலுவலகத்துக்காரர்களேதான், டீயும் கையுமாக நின்றார்கள்.

“எதுக்குடி தொண்டையைக் கிழிச்சுக்கிற? கதவைத் திற. ஜனம் வரட்டும், குப்பை தானா வரும்,” என்றாள் அம்மா.

4

வந்தது. கால் மணி நேரத்தில் நாற்காலிக்கு அடியெல்லாம் கப்பும் டிஷ்யூவும். பெண்கள் மேடையிலிருந்து இறங்கி, வரிசை வரிசையாகப் பெருக்கினார்கள். கேமரா பின்னாலேயே போனது. மூன்றாம் வரிசையில் பன்னிரண்டாம் மாடி மேனேஜர், போனிலிருந்து கண்ணை எடுக்காமல், அம்மாவின் துடைப்பம் பக்கத்தில் வந்ததும், பழக்கத்தில் இரண்டு காலையும் தூக்கிக்கொண்டார்.

அம்மா பெருக்கவில்லை. துடைப்பத்தில் சாய்ந்து நின்றாள்.

“எவ்வளவு நேரம் தூக்கிட்டு இருக்கீங்கனு பாக்கலாம், சார்.”

ஒத்திகையில் இல்லாத வசனம். கூடமே குலுங்கிச் சிரித்தது. அவரும், காது சிவக்க, சிரித்தார்.

5

எடுத்ததை இவள் அம்மாவுக்குப் போட்டுக் காட்டினாள்.

“அந்த சார் மூஞ்சி நல்லா விழுந்திருக்கே,” என்றாள் அம்மா.

“அவர் சம்மதிச்சுக் கையெழுத்துப் போட்டாத்தான்மா வைக்க முடியும்.”

“அவர் மூஞ்சி இருந்தா என்னோடதும் இருக்கட்டும். இல்லேன்னா ரெண்டையும் வெட்டிடு.”

மறுநாள் அம்மாவே சம்மதப் படிவத்தோடு பன்னிரண்டாம் மாடிக்குப் போனாள்.

முடிவு ஒன்று: உடனே கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். (எனக்கே நம்பிக்கை வரவில்லை.)

முடிவு இரண்டு: “பாத்துச் சொல்றேம்மா” என்று இழுத்து… (எழுதச் சுலபம். அதனாலேயே பிடிக்கவில்லை.)

எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான். படிவம் மேசைமேல் இருக்கிறது. அம்மா, யாரும் சொல்லாமலே, எதிர் நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்துவிட்டாள். மேசைக்கு இந்தப் பக்கம், அவர் இடத்தில், இருப்பது நீங்கள்.

பேனா வேண்டுமா?