கடைசி வண்டிக்குக் கேட்காதது

கேப்டனை எல்லோரும் கேப்டன் என்றுதான் கூப்பிடுவார்கள். அவர் கப்பலில் கால் வைத்ததில்லை, எந்த அணிக்கும் தலைமை தாங்கியதில்லை. நாலு சக்கர குவாட் பைக்குகளை வரிசையாக விட்டு, வருகிற விருந்தாளிகளைக் காட்டுப் பாதையில் ஒரு சுற்று கூட்டிப்போய், கை கால் முழுசாகத் திருப்பிக் கொண்டுவந்து விடுவது அவர் தொழில். முன் வண்டி அவருடையது, அதனால் அந்தப் பட்டம். கடைசி வண்டி அவர் மனைவியுடையது. அதற்கு யாரும் பட்டம் யோசிக்கவில்லை. கேப்டன் வீட்டம்மா என்பதோடு முடித்துக்கொண்டார்கள். இத்தனைக்கும் வீட்டம்மாவை வீட்டில் பார்ப்பதுதான் அபூர்வம். வழியில் வண்டி நின்றால் கிளப்பிக் கொடுப்பது, பள்ளத்தில் இறங்கியவர்களைக் கயிறு கட்டி இழுப்பது, சாயங்காலம் எல்லா வண்டிகளையும் கழுவி, பிரேக் பார்த்து, மறுநாளைக்குத் தயார் செய்வது என்று எல்லாம் அவள் கைதான்.

கேப்டனின் வேலை பேசுவது. அதில் அவரைக் குறை சொல்லவே முடியாது. பாறை வந்தால் பாறைக்கு ஒரு கதை, மரம் வந்தால் மரத்துக்கு ஒரு கதை. ஆனால் அத்தனை இன்ஜின் சத்தத்தில் அந்தக் கதைகள் இரண்டாவது வண்டியைத் தாண்டாது. மூன்றாவது வண்டிக்காரர் மரியாதைக்குச் சிரிப்பார். கடைசி வண்டிக்கு அந்த மரியாதைச் சிரிப்பு கூட வந்து சேராது. வருடக்கணக்காக ஒரே வரிசையில் போகிறார்கள், புருஷன் என்ன பேசுகிறார் என்பது பெண்டாட்டிக்குத் தெரியாது. பல வீடுகளில் இது பெரிய நிம்மதி என்பார்கள். அவளும் அப்படித்தான் இருந்திருப்பாள், அந்த ஓடை வளைவு மட்டும் இல்லாதிருந்தால்.

ஓடை வளைவில் எல்லா வண்டிகளும் நிற்கும். ஒவ்வொன்றாகத்தான் தண்ணீரைக் கடக்க வேண்டும் என்பதால், விருந்தாளிகள் இன்ஜினை அணைத்துவிட்டுக் கேப்டனைச் சுற்றி நிற்பார்கள். அவள் மட்டும் மேட்டிலேயே நிற்பாள். அங்கிருந்துதான் எல்லோரையும் ஒரே பார்வையில் பார்க்க முடியும். கேப்டன் ஏதோ சொல்வார். எல்லோரும் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். பிறகு, சொல்லிவைத்தாற்போல, ஒரே நேரத்தில் திரும்பி மேட்டின் மேல் நிற்கும் அவளைப் பார்ப்பார்கள்.

ஒருநாள் இரண்டு நாள் இல்லை, ஒவ்வொரு சுற்றிலும் இதுதான். போதாததற்கு, திரும்பி வந்ததும் நாலு பேர் செல்போனைத் தூக்கிக்கொண்டு வந்து, "உங்களோட ஒரு போட்டோ எடுத்துக்கலாமா" என்று இளிப்பார்கள்.

என்ன சொல்கிறார் என்று யோசிக்க அவளுக்கு அவசியமே இல்லை. அந்த வளைவில் சொல்ல ஒரே கதைதான் உண்டு. தொழில் தொடங்குவதற்கு முன் இருவரும் பாதை பார்க்கப் போனபோது, கேப்டன் வேண்டாம் வேண்டாம் என்று சொல்லச் சொல்ல, அவள் ஆக்ஸிலேட்டரை முறுக்கிக்கொண்டு ஓடைக்குள் இறங்கினாள். வண்டி சேற்றில் புதைந்தது. அவளும் புதைந்தாள். கேப்டன் கரையில் நின்றபடி, "தூக்கி விடணுமா, இல்ல அங்கயே குடியிருக்கப் போறியா" என்று கேட்டார். பிறகு தானும் சேற்றில் இறங்கி, அவளையும் வண்டியையும் இழுத்துக் கரை சேர்த்தார். அன்றைக்கு இரண்டு பேரும் சிரித்தார்கள். ஆனால் அது இரண்டு பேர் சிரிக்க வேண்டிய சிரிப்பு.

"தினம் தினம் டிக்கெட் வாங்கினவன் எல்லாம் என்னைப் பாத்துச் சிரிக்கிறான்" என்று நாத்தனாரிடம் பொருமினாள். நாத்தனார், அதாவது கேப்டனின் தங்கை, கவுன்ட்டரில் டிக்கெட் கிழிப்பவள்.

"அண்ணனைக் கேட்டுட வேண்டியதுதானே அண்ணி."

"கேட்டேன். சும்மா ஏதோ ஜோக்குன்னு மழுப்பிட்டாரு. காது வேற சிவந்து போச்சு."

"காது சிவந்தா பொய்தான்" என்று தங்கை சான்றிதழ் கொடுத்தாள்.

வீட்டம்மா மனதுக்குள் ஒரு முடிவு எடுத்திருந்தாள். சந்தேகத்தை வைத்துச் சண்டை போடக்கூடாது, தன் காதால் கேட்க வேண்டும். அந்தச் சேற்றுக் கதைதான் என்று தெரிந்துவிட்டால் மறுநாளிலிருந்து வண்டியில் ஏறுவதில்லை. நாத்தனாரோடு கவுன்ட்டரில் உட்கார்ந்துவிடுவது. அந்தப் பாதையும், வண்டியின் அதிர்வும், மேட்டிலிருந்து தெரியும் மரங்களும் அவளுக்கு உயிர். ஆனாலும் தன்மானம் என்று ஒன்று இருக்கிறதே.

நேரம் பார்த்து எதிர்க் கம்பெனிக்காரன் உதவிக்கு வந்தான். அவன் வண்டியில் பாட்டு போட ஆரம்பித்தான். காடு அதிரப் பாட்டு. இங்கே டிக்கெட் வாங்க வந்தவர்கள், "உங்க வண்டியில பாட்டு இல்லையா" என்று கேட்டுவிட்டு அங்கே நடந்தார்கள். கேப்டனுக்குத் தூக்கம் போயிற்று. முன் வண்டிக்கு ஒரு சவுண்ட் சிஸ்டம் போட்டே தீருவது என்றார். அவளுக்கு உள்ளுக்குள் ஒரே குஷி. வெளியே மட்டும், "உங்க இஷ்டம்" என்றாள்.

கடையில் கேப்டன் நேராகப் போய்க் கட்டிப்பிடித்தது ஒரு பெரிய பேஸ் பெட்டியை. கடைக்காரர் அதில் ஒரு பாட்டைப் போட்டதும் மேசை மேல் இருந்த டீ டம்ளர் தானாக நகர்ந்தது. கேப்டன் முகத்தில் சொர்க்கம் தெரிந்தது.

"இது வேணாம்" என்றாள் அவள்.

"ஏன்?"

"வண்டியோட சார்ஜிங் கொஞ்சம்தான். இந்தப் பெட்டி பேட்டரியை உறிஞ்சிக் குடிச்சிரும். நடுக்காட்டுல நின்னா தள்றது யாரு? நீங்களா?"

கடைக்காரருக்கு வியாபாரம் கைநழுவுகிறதே என்ற கவலை இருந்தாலும், நியாயமான மனுஷர். "அக்கா சொல்றது சரிதாண்ணே" என்று சொல்லி, படகுகளில் மாட்டுகிற ஸ்பீக்கர் இரண்டை எடுத்து வைத்தார். தண்ணீர், தூசி எதற்கும் அசையாது. சத்தத்தைக் கூட்டிக் கொடுக்க ஒரு சின்ன ஆம்ப் போதும்.

"பேச்சு தெளிவா கேக்குமா?" என்று அவள் கேட்டாள்.

"பேச்சு எதுக்கு? பாட்டுக்குத்தானே வாங்கறோம்" என்று கேப்டன் குறுக்கே விழுந்தார்.

"பாட்டு அவன்கிட்டயும் இருக்கு. உங்க பேச்சு அவன்கிட்ட இருக்கா? ஒரு மைக்கும் போட்டா கடைசி ஆள் வரைக்கும் கேக்கும்."

கேப்டன் இப்படி மாட்டிக்கொண்டு அவள் பார்த்ததில்லை. புகழ்ச்சியை வேண்டாம் என்று சொல்ல வாய் வரவில்லை, சரி என்று சொல்லவும் மனசு வரவில்லை. காது மறுபடி சிவந்தது. கடைசியில், "அப்படின்னா மைக்கை அணைக்க ஒரு சுவிட்ச் வேணும். இருமல் தும்மல் வந்தா என்ன பண்றது" என்றார். அவருக்கு இருமல் வந்து அவள் பார்த்தே எத்தனையோ காலமாகிறது. சரி என்று சுவிட்சும் வாங்கினார்கள்.

மாட்டும் வேலை முழுக்க அவளுடையது. ஷெட்டில் முன் வண்டியின் சீட்டைக் கழற்றி, பேட்டரியை ஒட்டியே ஃபியூஸ் வைத்தாள். வயர்களைச் சைலன்சர் பக்கம் போகவிடாமல் சட்டத்தின் மறுபுறமாக இழுத்து, அடிக்கொரு இடத்தில் இறுக்கிக் கட்டினாள். ஆம்ப்பைச் சீட்டுக்கு அடியில் ரப்பர் வைத்துப் பொருத்தினாள். குதிக்கிற வண்டியில் ரப்பர் இல்லாமல் மாட்டினால் ஒரே வாரத்தில் எல்லாம் கழன்று கையோடு வந்துவிடும். ஸ்பீக்கரை எந்தப் பக்கம் பார்த்து வைப்பது என்பதில்தான் தகராறு. கேப்டன் தன்னைப் பார்த்து இருக்கட்டும் என்றார். அவள் பின்பக்கக் கேரியரில், பின்னால் பார்த்து மாட்டினாள். மைக்கை அவருடைய ஹெல்மெட்டுக்குள் பொருத்தி, சுவிட்சை ஹேண்டில்பாரில் வைத்து, மைக் ஓடும்போது எரிய ஒரு சின்னச் சிவப்பு விளக்கும் கொடுத்தாள். பிறகு அவரைப் பேசச் சொல்லிவிட்டு வாசல் கேட் வரைக்கும் நடந்துபோய் நின்று கேட்டாள். புருஷன் எச்சில் விழுங்குவது கூடக் கேட்டது.

முதல் நாள் ஓட்டம் அமர்க்களம். பாட்டு ஓடியது. பாறைக் கதையைக் கடைசி வண்டியில் அவள் முதல்முறையாகக் கேட்டாள். பரவாயில்லை, நன்றாகத்தான் சொல்கிறார் என்று நினைத்துக்கொண்டாள். மரத்துக் கதையில் அவளையும் அறியாமல் சிரித்துவிட்டாள். ஓடை வளைவு வந்தது. மேட்டில் வண்டியை நிறுத்தி, இன்ஜினை அணைத்துவிட்டுக் காத்திருந்தாள்.

கேப்டன் கட்டை விரலால் சுவிட்சைத் தட்டினார். சிவப்பு விளக்கு அணைந்தது. ஓடைச் சத்தம்தான் கேட்டது. எல்லோரும் சிரித்தார்கள். எல்லோரும் திரும்பினார்கள். எல்லோரும் அவளைப் பார்த்தார்கள்.

அன்று மாலை வண்டிகளைக் கழுவக்கூட அவள் நிற்கவில்லை. நேராகக் கடைக்காரரிடம் போனாள். இனி ஒளிவு மறைவு வேண்டியதில்லை என்று விஷயத்தைப் போட்டு உடைத்தாள். அவர் நமுட்டுச் சிரிப்போடு, உள்ளங்கையில் அடங்கும் ஒரு சின்னப் பெட்டியையும் காதில் மாட்டும் கருவி ஒன்றையும் எடுத்துக் கொடுத்தார். கூட்டமாக வருகிறவர்களுக்கு இடம் சுற்றிக் காட்டுபவர்கள் வைத்திருப்பது. ஒருவர் பேசினால் தூரத்தில் இருப்பவர் காதில் கேட்கும்.

"அண்ணனுக்குத் தெரிஞ்சா என்னை மாட்டி விட்டுடாதீங்கக்கா."

"தெரியற மாதிரி வேலை செய்வேனா நான்" என்றாள் அவள்.

தெரியாதபடிதான் செய்தாள். மைக் வயர் சுவிட்சுக்குப் போய்ச் சேரும் முன்பே நடுவில் ஒரு கிளை பிரித்து, சின்னப் பெட்டியை ஹெட்லைட்டுக்குப் பின்னால் ஒளித்து வைத்தாள். இனிமேல் சுவிட்சை அணைத்தால் ஸ்பீக்கர் ஊமையாகும், அவள் காது ஆகாது.

மறுநாள் மேட்டில் நின்று அவள் கருவியைக் காதில் அழுத்திக்கொண்டாள். கீழே கேப்டன் சுவிட்சைத் தட்டினார். சிவப்பு விளக்கு அணைந்தது. அவள் காதுக்குள் அவர் குரல் பக்கத்தில் உட்கார்ந்து பேசுவதுபோல் வந்தது.

"இந்த இடத்துல கொஞ்சம் ஜாக்கிரதை. இங்கதான் நான் முதன்முதலா விழுந்தேன். வேணாம் வேணாம்னு என் பெண்டாட்டி தலையால அடிச்சிக்கிட்டா. கேட்டேனா? முறுக்கிட்டு இறங்கினேன். கழுத்து வரைக்கும் சேறு. அவ கரையில நின்னு என்ன கேட்டா தெரியுமா? 'தூக்கி விடணுமா, இல்ல அங்கயே குடியிருக்கப் போறீங்களா'ன்னா."

கூட்டம் சிரித்தது.

"அப்புறம் தானே இறங்கி என்னையும் வண்டியையும் ஒத்தை ஆளா இழுத்துப் போட்டா. அதோ மேல நிக்கிறாங்களே, அவங்கதான். அதனால நீங்க மாட்டிக்கிட்டா பயப்படாதீங்க. நான் வரமாட்டேன், எனக்குத் தெரியாது. அவங்க வருவாங்க."

எல்லோரும் திரும்பி அவளைப் பார்த்தார்கள். ஒருவர் கை கூட அசைத்தார்.

அவளுக்குக் கண் கரித்தது. இத்தனை நாள் மனதுக்குள் ஒத்திகை பார்த்து வைத்திருந்த சண்டையெல்லாம் அப்படியே வாயில் நின்றுவிட்டது. போட்டோ கேட்டு வந்தவர்களிடம் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு நின்றதெல்லாம் நினைவுக்கு வந்து கூசியது. கூடவே ஒரு கோபமும் வந்தது. யாரைக் கேட்டு இந்த மனுஷன் இப்படிக் கதையை மாற்றினார்?

வண்டியைக் கிளப்பினாள். மேட்டிலிருந்து சரசரவென்று இறங்கி, எல்லோரையும் சுற்றிக்கொண்டு முன் வண்டிக்குப் பக்கத்தில் போய் நின்றாள். கடைசி வண்டி முன்னால் வருவது வழக்கமில்லாததால் கேப்டன் வெலவெலத்துப் போனார்.

"என்ன ஆச்சு? யாராவது விழுந்துட்டாங்களா?"

"ஆமா. ஹெல்மெட்டைக் கழட்டுங்க."

ஹெல்மெட்டை வாங்கித் தன் வாய் பக்கம் வைத்துக்கொண்டு, சுவிட்சைத் தட்டினாள். சிவப்பு விளக்கு எரிந்தது. காடு முழுக்கக் கேட்கும்படி சொன்னாள்.

"இவர் சொன்னது எல்லாம் பொய். சேத்துல விழுந்தது நான். வேணாம்னு தடுத்தது இவரு. இழுத்துப் போட்டதும் இவருதான்."

ஓடைக்கரையில் முன்னைவிடப் பெரிய சிரிப்பு எழுந்தது. இரண்டாவது வண்டியில் வந்திருந்த ஒரு பல் டாக்டரம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டே, "பாத்தீங்களா, புருஷனை விட்டுக்கொடுக்கவே மாட்டேங்கிறாங்க" என்றார். மற்றவர்கள் கை தட்டினார்கள். ஒருத்தர் கூட நம்பவில்லை.

"நிஜமாத்தாங்க சொல்றேன்" என்று அவள் மன்றாடினாள். கைதட்டல் கூடியதுதான் மிச்சம்.

கேப்டன் அசடு வழிந்துகொண்டு நின்றார். காது பழுத்த மிளகாய் நிறத்தில் இருந்தது. "எப்படிக் கேட்டுச்சு உனக்கு?" என்று மெதுவாகக் கேட்டார்.

"அதை விடுங்க. ஏன் மாத்திச் சொன்னீங்க?"

"முதல் நாளு வாயில அப்படி வந்துருச்சு. எல்லாரும் உன்னைத் திரும்பிப் பாத்தாங்க. பாக்க நல்லா இருந்துச்சு. அப்புறம் மாத்தவே மனசு வரல. உன் எதிர்ல சொல்ல மட்டும் கூச்சம்."

கையில் ஹெல்மெட் இருந்ததையும் விளக்கு எரிந்துகொண்டிருந்ததையும் இருவருமே மறந்திருந்தார்கள். அவர் சொன்ன கூச்சம் ஓடையைத் தாண்டி எதிர்க்கரை வரைக்கும் ஒலித்தது. விருந்தாளிகள் நாகரிகமாக மரங்களைப் பார்த்தார்கள்.

அவள் ஹெல்மெட்டை அவர் தலையில் திரும்ப மாட்டி, வாரைத் தானே இறுக்கினாள்.

"இனிமே என் எதிர்லயே சொல்லுங்க. ஆனா கழுத்து வரைக்கும்னு அளக்காதீங்க. இடுப்பு வரைக்கும்தான் சேறு. உள்ள நின்னவளுக்குத் தெரியாதா?"