மேல்சாலைக்குப் போட்ட ஓட்டு

அதே மண்டபம், அதே ஆட்கள், அதே கேள்வி. போன வருடம் துரி ஜெயித்தான். இந்த வருடம் தோற்றான். யார் மனம் மாறியது என்பதுதான் அவனுக்குப் பிடிபடவில்லை.

மேலே ஒற்றை வீடாக நிற்கும் அவன் பண்ணைக்குப் போகும் சாலையில், குளிர்காலப் பனியை ஊர்ச் செலவில் அள்ளுவதா, வேண்டாமா? அள்ளாவிட்டால் பால் வண்டி ஏறாது. மாடுகளை விற்க வேண்டியதுதான்.

அந்த சுவிஸ் மலையூரில் இதையெல்லாம் மந்திரி முடிவு செய்வதில்லை. ஊர் கூடும், கை தூக்கும், எண்ணுவார்கள். நூற்றாண்டுகளாக அப்படித்தான். ஆனால் கடன் கொடுத்தவர் எதிரே உட்கார்ந்திருந்தால் கடனாளியின் கை எழுமா? அதற்காகத்தான் யார் எழுதியது என்று தெரியாமல் பெட்டியில் போடும் ஓட்டுச் சீட்டு வந்தது. கூட்டத்தில் ஐந்தில் ஒரு பங்கினர் கை தூக்கிக் கேட்டால் பெட்டி வைப்பார்கள்.

இந்த முறை பெட்டி கேட்டதே துரிதான். பனி அள்ளும் பணத்தில் வண்டி நிறுத்துமிடம் கட்ட ஆசைப்பட்ட, பலருக்குக் கடன் கொடுத்திருந்த விடுதிக்காரருக்குப் பயந்து ஊர் கையை இறக்கிவிடும் என்று நினைத்தான். அவன் கேட்டதும் ஆதரவாக மளமளவென்று கைகள் உயர்ந்தன. அவனுக்குக் கண் கலங்கிவிட்டது. பெட்டியைத் திறந்தபோது அவன் பக்கம் சின்னக் குவியல்தான்.

வெளியே வந்ததும் மனைவி பார்லாவின் தம்பி ஃப்ளூரினைப் பிடித்தான். ஃப்ளூரின் முதலில் விடுதிக்காரரைத் திட்டினான். பிறகு ஊருக்குப் புதிதாக வந்தவர்களைத் திட்டினான்.

"நீ என்ன எழுதுன, மாப்ள?"

ஃப்ளூரின் வண்டிச் சாவியை விரலில் சுற்றினான். "வேணாம்னுதான் மாமா."

"போன வருஷம் மொதக் கையே உன்னோடதுதான?"

"அக்கா திரும்பித் திரும்பிப் பாத்துக்கிட்டே இருந்துச்சு. அது மூஞ்சியப் பாத்துக்கிட்டு எப்படித் தூக்காம இருக்கறது? ஒரு வீட்டுக்காக ஊரே வரி கட்டுதுன்னு எனக்கு அப்பவே தோணுச்சு. எல்லாருக்குந்தான்."

துரி வீட்டுக்கு ஏறும்போது வழியில் வண்டியை நிறுத்திவிட்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தான். பார்லாவிடம் தம்பியைப் பற்றி மட்டும் சொல்லக்கூடாது என்று முடிவு செய்தான்.

யாருமே மாறவில்லை. இத்தனை வருடம் சாலையைத் திறந்து வைத்தது அவர்களுடைய கூச்சம். ஆக, வழி இருக்கிறது. கையெழுத்துச் சேர்த்தால் கேள்வி மறுபடி ஊர்முன் வரும். பெட்டி கேட்கவும் அவன் கண்முன் கை தூக்க வேண்டும். அவனாகக் கேட்காதவரை வேறு யாரும் கேட்க மாட்டார்கள். அவனும் பார்லாவும் எல்லோர் முகமும் தெரியும்படி உட்கார்ந்தால் போதும். கைகள் எழும், சாலை கிடைக்கும்.