கொசுறு இல்லாத ஐம்பது மீட்டர்

ஒரு மூச்சு என்ன விலை என்று கேட்டால், காற்றுக்கு ஏது விலை என்று சிரிப்பீர்கள். ஐம்பது மீட்டர் ஃப்ரீஸ்டைல் நீந்துகிற பெண்ணிடம் கேளுங்கள். பேரத்துக்கே இடம் வைக்காமல் சொல்வாள்: வினாடியில் பத்தில் ஒரு பங்கு. தலையைத் திருப்பி ஒரு வாய் காற்று வாங்கினால் அவ்வளவு நேரம் கையை விட்டுப் போகும். அதனால்தான் குதித்ததிலிருந்து சுவரைத் தொடும்வரை மூச்சே வாங்காமல் நீந்த அவள் பன்னிரண்டு வருஷம் பழகியிருந்தாள்.

அந்தப் பெரிய போட்டிக்கு அவள் நாட்டிலிருந்து மல்யுத்தத்துக்குப் பதினோரு பேர் வந்திருந்தார்கள். நீச்சலுக்கு அவள் ஒருத்தி. பயிற்சியாளருக்கு அனுமதி அட்டை வரவில்லை, ஊரோடு நின்றுவிட்டார். மேனேஜர் என்று ஒருவர் உண்டு. அவர் வேறொரு அரங்கில் பயில்வான்களை எடை போட்டுக்கொண்டிருந்தார்.

காலைச் சுற்றில் வேகமாக வந்த பதினாறு பேருக்கு மாலையில் அரையிறுதி. பதினைந்து பேர் தேறிவிட்டார்கள். பதினாறாவது இடத்தில் இரண்டு பேர்: அவளும் வேறொரு நாட்டு நெட்டைச்சியும். இருபத்தாறு புள்ளி முப்பத்தொன்று, மயிரிழை பிசகாமல் இருவருக்கும் ஒரே நேரம். அப்படி வந்தால் அந்த இருவர் மட்டும் மறுபடி நீந்தித் தீர்த்துக்கொள்ள வேண்டும் என்பது விதி.

அப்பாவுக்கு ஃபோன் போட்டாள். துணிக்கடையில் கத்தரிக்கோல் சத்தம்.

"முடிஞ்சுதாம்மா?"

"இல்லப்பா. ரெண்டு பேரு சமமா வந்துட்டோம். திரும்ப நீந்தணும்."

"அவ்வளவு பெரிய தொட்டியில பதினேழாவது ஆளுக்கு இடமில்லையாமா?"

"பதினாறுதான் கணக்குப்பா."

"கறாரான யாவாரமா இருக்கே. சரி, அம்பது மீட்டர்தானே. நான் மத்தியானத்துக்குள்ள அதைப்போல பத்து மடங்கு கிழிச்சுடறேன். ஆள் நிக்குது, வெச்சுடட்டுமா?"

வைத்துவிட்டார்.

போட்டி நீச்சலுடை தோலைவிட இறுக்கம். இடுப்புவரை தானே இழுத்துக்கொள்ளலாம், தோள்பட்டி ஏற இன்னொரு கை வேண்டும். காலையில் தரை துடைக்கிற அம்மாவைச் சைகையில் கெஞ்சிக் காரியத்தை முடித்தாள். இப்போது அந்த அம்மாவையும் காணோம். உடைமாற்றும் அறையின் மறுகோடியில் நெட்டைச்சிக்கு அவளுடைய தோழி பட்டியை ஏற்றிவிட்டு வெளியே போனாள். இவள் ஒரு கையை முதுகுக்குப் பின்னால் வளைத்துத் திண்டாடுவதை நெட்டைச்சி கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு வந்து, முழங்காலை இவள் முதுகில் ஊன்றி, இரண்டு பட்டியையும் இழுத்து ஏற்றினாள். தோளில் இரண்டு தட்டு. பேச இருவருக்கும் பொதுவாக ஒரு மொழியில்லை. அப்பா பார்த்திருந்தால், எதிர்க்கடைக்காரன் வந்து நம்ம ஷட்டரைத் தூக்கிவிட்ட கதை என்றிருப்பார்.

அரங்கம் காலியாகியிருந்தது. இருக்கைகளுக்கு நடுவே யாரோ காகிதக் கோப்பைகளைப் பொறுக்கிக்கொண்டிருந்தார்கள். காலையில் எட்டுப் பேர் கலக்கிய தண்ணீர் இப்போது இஸ்திரி போட்ட துணி மாதிரிக் கிடந்தது. நடுவில் இரண்டு மேடைகளில் இரண்டு பேர். விசில். குதித்தார்கள்.

முப்பது மீட்டர்வரை எல்லாம் சரியாக இருந்தது. காலையில் இரண்டு பக்கமும் நுரையும் அலையும் இடித்துத் தள்ளிக்கொண்டே வந்தன. இப்போது தன் கை தண்ணீரைப் பிளக்கிற சத்தம் மட்டும்தான். பக்கத்து லேனிலிருந்து ஒன்றும் வரவில்லை. தான் மட்டும்தான் நீந்துகிறோமோ என்று ஒரு நினைப்பு வந்தது. மூச்சு முட்டவில்லை. இருந்தும் தலை திரும்பியது. ஒரு வாய் காற்று உள்ளே போனது. கண்ணில் பட்டது ஒரு முழங்கை, அவ்வளவுதான். நெட்டைச்சி முகத்தைத் தண்ணீரிலிருந்து எடுக்கவேயில்லை.

சுவரைத் தொட்டுப் பலகையை நிமிர்ந்து பார்த்தாள். நெட்டைச்சி இருபத்தாறு புள்ளி பூஜ்யம் ஆறு. இவள் இருபத்தாறு புள்ளி பூஜ்யம் எட்டு. இதையே காலையில் நீந்தியிருந்தால் பதின்மூன்றாவதாகத் தேறியிருப்பாள். ஆனால் மறுபோட்டி நேரம் அந்த இருவருக்குள் மட்டும்தான் செல்லும். நெட்டைச்சி கயிற்றுக்கு மேலே கையை நீட்டினாள். இவள் அதைப் பிடித்துக் குலுக்கினாள். அதற்குள் நெட்டைச்சியின் ஆட்கள் ஓடி வந்து அவளைத் துண்டில் சுற்றிக் கூட்டிப்போனார்கள்.

மறுபடி ஃபோன் போட்டுச் சொன்னாள். "எவ்வளவுலம்மா போச்சு?" என்றார் அப்பா.

"ஒரு செகண்டை நூறா வெட்டுனா அதுல ரெண்டுப்பா."

"அட, அது கொசுறும்மா. வர்றவங்களுக்கெல்லாம் நான் ஒரு விரல் அகலம், விரக்கடைத் துணி கூட விட்டுத்தானே கிழிக்கிறேன். அதைப் போய் யாராவது கணக்குப் பார்ப்பாங்களா?"

"இங்க அதை மட்டுந்தான்ப்பா பார்க்கிறாங்க."

கத்தரிக்கோல் சத்தம் நின்றிருந்தது. "சாப்டியா?" என்று கேட்டார்.

"சாப்பிடணும்."

பட்டியைக் கழற்றவும் இன்னொரு கை இருந்தால் சுலபம். அறையில் யாருமில்லை. ஈரத்தோடு பெஞ்சில் உட்கார்ந்து கணக்குப் போட்டாள். மூச்சுக்குக் கொடுத்தது நூறில் பத்து. தோற்றது நூறில் இரண்டு. வாங்காமல் இருந்திருந்தால் எட்டு மிச்சம், மாலையில் அரையிறுதி. கொடுத்ததற்கு வந்த சரக்கு: பக்கத்தில் ஆள் உண்டு என்பதற்குச் சாட்சியாக ஒரு முழங்கை. இரண்டு முறை கூட்டிப் பார்த்தாள். எட்டு நின்றது.