தையில் எடுத்த கார்

மெக்கானிக் டில்லிபாபு புதிய பிரேக் டிஸ்க்கைச் சக்கர ஹப்பின் மேல் வைத்து உள்ளங்கையால் தட்டினார். அது உட்கார்ந்துவிட்டது. அதைக் கவ்விப் பிடிக்கிற காலிப்பரைக் கொண்டுவந்து மூடப் பார்த்தார். மூடவில்லை. இன்னொரு முறை சாய்த்து அழுத்தியதும் இரும்பும் இரும்பும் உரசி, பல் கூசுகிற மாதிரி ஒரு சத்தம் வந்தது. அவர் கையை எடுத்துவிட்டார்.

"பாப்பா, இது பெருசா கீது. நம்ம வண்டிது இல்ல."

வர்ஷினிக்கு முதலில் விளங்கவில்லை. கார் தரைத்தள நிறுத்தத்தில், முன்பக்கம் இரண்டு இரும்புத் தாங்கிகள் மேல் தூக்கி நின்றது. முன் சக்கரங்கள் இரண்டும் சுவரோரம் சாய்ந்திருந்தன. கழற்றிய பழைய டிஸ்க்குகள் ஒரு சாக்கின் மேல் கிடந்தன. துரு ஏறிய விளிம்பும், நடுவே வளையம் வளையமாகத் தேய்ந்த பள்ளமுமாக, வருடக்கணக்கில் அம்மிக்கல் அரைத்த இடம் போல இருந்தன.

தூணுக்குப் பக்கத்தில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்த அவள் அப்பா சுவாமிநாதன் காபி டம்ளரைக் கீழே வைத்தார்.

"என்ன டில்லி, மூணு வாரமா ஜாதகம் பார்த்துப் பொறுக்கின வரன். பொருந்தலைங்கறியா?"

"ஒயரம் ஜாஸ்தி சார். பொண்ணு வூட்டு வாசப்படில தல இடிக்குது."

இருவரும் சிரித்தார்கள். வர்ஷினி சிரிக்கவில்லை. எந்த டிஸ்க் வாங்குவது என்று மூன்று வாரம் அவள் ஒரு நோட்டில் கட்டம் போட்டு எழுதியிருந்தாள். கம்பெனி சாமானா, வெளிச் சாமானா. வழவழப்பானதா, துளை போட்டதா. ஒவ்வொரு நாளும் ஒரு முடிவுக்கு வருவாள்; மறுநாள் அதை அடித்துவிட்டு இன்னொன்றை எழுதுவாள். இதற்காக இரண்டு நாள் மாலை வகுப்புக்குக் கூடப் போகவில்லை.

அவ்வளவு யோசித்ததற்குக் காரணம் இருந்தது. ஒரு மாதம் முன்பு அடையாறு சிக்னலில் அவள் பிரேக்கை மிதித்தபோது பெடல் காலுக்கடியில் உதறியது. வண்டி கோட்டைத் தாண்டிப் போய்த்தான் நின்றது. குறுக்கே போன ஒரு பெரியவரின் வேட்டி நுனி பம்பரில் பட்டு விலகியது. அவர் திட்டக்கூட இல்லை, திரும்பிப் பார்த்துவிட்டுப் போய்விட்டார். அன்றிலிருந்து இந்தக் காரால் யாரோ சாகப்போகிறார்கள் என்று அவளுக்குத் தோன்றிக்கொண்டே இருந்தது. யார் என்பதுதான் தெரியவில்லை. அம்மா, அப்பா, தெருவில் போகிற யாரோ.

"எந்த வருசம்னு போட்டு வாங்கின?" என்று டில்லிபாபு கேட்டார்.

"பதினாலு. ரெண்டாயிரத்துப் பதினாலு ஜனவரி."

"வண்டி பதிமூணு மாடல்மா. பதினாலுல கம்பெனிக்காரன் பெரிய டிஸ்க்கா மாத்திட்டான்."

சுவாமிநாதன் தொடையில் தட்டிக்கொண்டார். "அட, ஆமாம்! டிசம்பர்லயே ஷோரூமுக்கு வந்துடுத்து வண்டி. உங்கம்மாதான் ஒத்தக்கால்ல நின்னா, மார்கழில வண்டி எடுக்கப்படாதுன்னு. தை ஒண்ணாந்தேதி போய் எடுத்துண்டு வந்தோம்."

பொங்கல் தோறும் அந்தக் காருக்குச் சந்தனமும் குங்குமமும் வைத்து, அதற்கு அன்றுதான் பிறந்தநாள் என்று சொல்லிச் சொல்லியே வளர்ந்தவள் வர்ஷினி. இணையத்தில் டிஸ்க் வாங்குகையில் வருடம் கேட்டபோது ஆர்.சி. புத்தகத்தை எடுத்துப் பார்க்கவே தோன்றவில்லை. நோட்டில் பதினேழு கட்டங்கள் இருந்தன. வருடத்துக்கு மட்டும் கட்டமே போடவில்லை.

"ஒண்ணும் கவலப்படாத. பழசையே மாட்டித் தரேன். மெதுவா ஓட்டிக்கினு இருங்க. சரியான சாமான் வந்ததும் மாத்திக்கலாம்" என்றார் டில்லிபாபு.

"மாட்டிடு டில்லி. நாளைக்கு ஆதம்பாக்கம் வரைக்கும் போகணும்" என்றார் அப்பா.

"வேண்டாம்."

அவள் குரல் அவளுக்கே பெரிதாகக் கேட்டது. சாக்கின் மேல் கிடந்த டிஸ்க்கைத் திருப்பி, விளிம்பில் பொறித்திருந்த எழுத்தைக் காட்டினாள். "தடிமன் பதினஞ்சு மில்லிமீட்டருக்குக் கீழ போகக்கூடாதுன்னு இதுலயே போட்டிருக்கு. நான் அளந்தேன். பதினாலுகூட இல்ல. இத மாட்டினா யாராவது ஓட்டுவா. வண்டி இப்படியே நிக்கட்டும். அண்ணா, இதைக் கண்ணுல படாம எடுத்துண்டு போய்டுங்கோ."

டில்லிபாபு சுவாமிநாதனைப் பார்த்தார்.

"என்னை எதுக்குப் பாக்கறே? போக்குவரத்து மந்திரி அவதான்" என்றபடி அவர் எழுந்தார். எழும்போது இடது தோளைப் பிடித்துவிட்டுக்கொண்டார். காலையில் கூரியர்காரன் வாசலிலேயே வைத்துவிட்டுப் போன டிஸ்க் பெட்டியை உள்ளே தூக்கிவந்தது அவர்தான்.

"தோள் வலிக்கறதாப்பா?"

"இரும்புன்னா இரும்பு, அப்படி ஒரு கனம். ராத்திரி உங்கம்மாவத் தைலம் தேய்க்கச் சொல்றேன்."

டில்லிபாபு பழைய டிஸ்க்குகளைச் சாக்கில் சுற்றித் தன் ஸ்கூட்டரின் முன்பக்கம் வைத்துக்கொண்டு போனார். வெளியே பாதாம் மரம் பங்குனி வெயிலில் சிவப்பு இலைகளை உதிர்த்துக்கொண்டிருந்தது. காற்று அவற்றை உருட்டிக்கொண்டு வந்து காருக்கடியில் சேர்த்தது.

சாப்பாட்டுக்குப் பிறகு வர்ஷினி ஆர்.சி. புத்தகத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, சேசிஸ் எண்ணை ஒவ்வோர் எழுத்தாகச் சரிபார்த்து, மறுபடி டிஸ்க் தேடிக்கொண்டிருந்தாள். இந்த முறை தப்பக்கூடாது. நான்காவது முறையாக எண்ணை ஒப்பிட்டபோது அப்பா அறை வாசலில் நின்றார்.

"ஆத்துல ஜெலுசில் இருக்கா வர்ஷு?"

அவள் நிமிர்ந்தாள். அவர் சட்டையின் கழுத்துப் பக்கம் நனைந்திருந்தது. மின்விசிறி நன்றாகத்தான் சுற்றிக்கொண்டிருந்தது. சுவர்க் கடிகாரத்தில் இரண்டு நாற்பது.

அம்மா அபயாம்பாள் மாத்திரையோடு வந்தாள். "ஏன்னா, என்ன பண்றது? வாயுவா?"

"நெஞ்சுல யாரோ உக்காந்துண்டிருக்காப்பல இருக்கு." அவர் கட்டிலில் உட்கார்ந்தார். மாத்திரையை மெல்லவில்லை, கையிலேயே வைத்திருந்தார். பிறகு, பல வருடப் பழக்கத்தில், "வர்ஷு, வண்டிய எடும்மா. டாக்டர்ட்ட ஒரு எட்டு போய்ட்டு வந்துடலாம்" என்றார்.

வர்ஷினி போனைக் கையில் எடுத்தாள்.

"ஓ, சக்கரமே இல்லையோ" என்று சிரிக்கப் பார்த்தார்.

"ஆம்புலன்ஸக் கூப்பிடறேன்."

"ஆம்புலன்ஸா? சைரன் வெச்சுண்டு தெருவையே கூட்டணுமா? ஆட்டோவக் கூப்பிடு போதும்."

அவள் போனில் ஆட்டோ போட்டாள். நான்கு நிமிடம் என்று காட்டியது. பிறகு ஏழு என்றது. திரையில் ஆட்டோவின் சின்னப் படம் கோயில் குளத்தை ஒரு சுற்றுச் சுற்றியது. ஓட்டுநர் கூப்பிட்டு, "எங்க போணும்? மெட்ரோ வேல நடக்குதே, அந்தப் பக்கம் வர முடியாதுமா" என்றார். படம் மறைந்துவிட்டது. அவள் படியிறங்கி ஓடினாள். முன் சக்கரம் இல்லாத காரைச் சுற்றிக்கொண்டுதான் வாசலுக்குப் போக வேண்டியிருந்தது. தெருமுனையில் இரண்டு ஆட்டோக்கள் நிற்காமல் போயின. மூன்றாவதை ஒரு பெண் ஓட்டிவந்தார். வர்ஷினி கையைக் காட்டவில்லை, நேராகக் குறுக்கே போய் நின்றாள்.

"இன்னாம்மா, சாவற்துக்கு என் வண்டிதான் கெடச்சுதா?" என்றவர் அவள் முகத்தைப் பார்த்துவிட்டு, "ஏறு, ஏறு. எங்க?" என்றார்.

ஆட்டோ வாசலுக்கு வந்ததும் அப்பா தானே நடந்து வந்து ஏறினார். அம்மாவுக்கும் அவளுக்கும் நடுவே உட்கார்ந்தார். செருப்பு மாற்றிப் போட்டிருந்ததை வர்ஷினி கவனித்தாள். மெட்ரோ வேலைக்காகத் தகரம் அடித்து மறித்திருந்த இடத்தில் ஒரு தண்ணீர் லாரி பின்னால் வரவும் முடியாமல் முன்னால் போகவும் முடியாமல் நின்றது. ஆட்டோக்காரர் கையை ஹாரனிலிருந்து எடுக்கவேயில்லை.

"த்தே, ஆஸ்பத்திரி கேஸுபா! ஒதுங்குபா! நைனா, கொஞ்சம் மூச்ச இழுத்து வுடு நைனா. தோ வந்துட்டோம்."

அப்பா தலையசைத்தார். பிறகு தலையை அம்மாவின் தோளில் சாய்த்துக்கொண்டார். நான்கு பேர் பார்க்கிற இடத்தில் அவர் அப்படிச் செய்து வர்ஷினி பார்த்ததில்லை. லாரி நகர்ந்தது. ஆட்டோ திரும்பி ஆழ்வார்பேட்டைச் சாலையில் ஏறியது. அங்கே ஓட்டுநர் கண்ணாடியில் ஒருமுறை பின்னால் பார்த்தார். அதற்குப் பிறகு அவர் ஹாரன் அடிக்கவில்லை.

மருத்துவமனையில் ஓர் இளம் டாக்டர் வெளியே வந்து, அம்மாவைப் பெஞ்சில் உட்காரச் சொன்ன பிறகுதான் அப்பா போய்விட்டதைச் சொன்னார். வர்ஷினியிடம், "எத்தன மணிக்கு வலின்னு சொன்னாரு?" என்று கேட்டார்.

"ரெண்டு நாப்பது."

அவர் எழுதிக்கொண்டார். இப்போது மணி மூன்று இருபத்தைந்து. சொந்தக் கார் இருந்திருந்தால் உடனே கிளம்பி, லாரி மறிக்கும் முன்பே, பன்னிரண்டு நிமிடம். அந்தக் கணக்கை அவள் ஆட்டோவிலேயே போட்டுவிட்டிருந்தாள். பன்னிரண்டு நிமிடத்தில் வந்திருந்தால் என்று கேட்க வாயைத் திறந்தாள். டாக்டரும் காத்திருந்தார். கேட்காமல் விட்டுவிட்டாள்.

அம்மா அழவில்லை. அப்பாவின் மூக்குக் கண்ணாடியைப் புடவைத் தலைப்பில் துடைத்துக்கொண்டே இருந்தாள். வெகுநேரம் கழித்து, "அந்தத் தட்டு... வருஷம் சரியாப் போட்டிருந்தா பொருந்தியிருக்குமோ?" என்றாள்.

"ம்."

"மார்கழிலயே எடுத்திருந்தா?"

வர்ஷினி கண்ணாடியை வாங்கித் தன் பையில் வைத்துக்கொண்டாள்.

தம்பி சாய்சரண் புனேயிலிருந்து வந்து சேர இரவாகிவிடும் என்பதால் காலையில்தான் எடுப்பது என்று ஆயிற்று. மாலை ஐந்தரை மணிக்கு ஐஸ் பெட்டிக்காரர் வந்துவிட்டார். முதல் மாடிக்குப் படி குறுகல், பெட்டி ஏறாது. கீழே கார் நிறுத்தத்தில்தான் வைக்க வேண்டும். மற்ற வீட்டுக்காரர்கள் அவரவர் வண்டிகளைத் தாங்களே தெருவுக்கு எடுத்துப் போய்விட்டார்கள். மின்சாரம் எடுக்கிற பிளக் மட்டும் ஒரே இடத்தில் இருந்தது, தாங்கிகள் மேல் நின்ற காருக்குப் பின்னால், சுவரில்.

"இத நகத்துனாத்தான் பொட்டி வெக்க முடியும்" என்றார் பெட்டிக்காரர்.

வர்ஷினி டில்லிபாபுவுக்குப் போன் செய்தாள். விஷயத்தைச் சொன்னாள். "பழசு என்கிட்டத்தான் கீது. எடுத்துக்கினு வரேன்" என்றார்.

அவர் வந்தபோது அப்பாவை ஏற்றிவந்த வேன் வாசலில் நின்றது. அம்மா வேனுக்குள்ளேயே இருந்தாள். டில்லிபாபு வேன் பக்கம் ஒரு கும்பிடு போட்டுவிட்டு, யாரையும் பார்க்காமல் காருக்கு முன்னால் குந்தினார். சாக்கைப் பிரித்தார். டிஸ்க்கை வைத்தார். காலிப்பரைச் சாய்த்தார். அது ஒரு சத்தமும் இல்லாமல் மூடிக்கொண்டது. வர்ஷினி கைக்கடிகாரத்தைப் பார்க்க வேண்டாம் என்று நினைத்தாள். ஆனாலும் பார்த்துக்கொண்டுதான் நின்றாள். இரண்டு பக்கமும் மாட்டி, சக்கரங்களைப் பூட்டித் தாங்கிகளை உருவப் பதினேழு நிமிடம் ஆயிற்று.

அவர் ஏறி வண்டியைக் கிளப்பினார். கார் வாசலைத் தாண்டி, வேனின் ஓரமாக நெளிந்து வந்து, எதிரே ஸ்கூட்டர் ஒன்று குறுக்கிட்டதும் சட்டென்று நின்றது. ஒரு குலுக்கல்கூட இல்லை.

அப்பாவின் அண்ணா பரத்வாஜ் அதைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஆதம்பாக்கத்திலிருந்து அப்போதுதான் வந்திருந்தார். மறுநாள் தம்பி தன் வீட்டுக்கு வருவதாக இருந்ததைப் பார்ப்பவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார்.

"நன்னாத்தானே ஓடறது? நன்னாத்தானே நிக்கறது?" அவர் குரல் தெருவுக்கே கேட்டது. "பின்ன எதுக்கு இத அவுத்துப் போட்டு வெச்சிருந்தேள்? கட்டேல போறவன் வேலைன்னா இது! ஆபத்துக்கு ஆத்துல ஒரு வண்டி இல்லாம, ஆட்டோல அள்ளிப் போட்டுண்டு... யார் அவுக்கச் சொன்னது?"

காரிலிருந்து இறங்கிய டில்லிபாபு துணியால் கையைத் துடைத்தார். துடைத்த விரல்களையே மறுபடி துடைத்தார். வர்ஷினியைப் பார்க்கவில்லை.

"நான்தான் பெரி..." என்று அவள் ஆரம்பித்தாள்.

"அவர்தான் அவுக்கச் சொன்னார்."

அம்மா வேனின் படியில் இறங்கி நின்றாள். கதவைப் பிடித்திருந்த கையின் வளையல்கள் அசைந்து ஒலித்தன.

"பிரேக் சரியில்ல, பொண்ணு ஓட்டற வண்டி, பழசு மாட்டவே கூடாதுன்னு அவர்தான் பிடிவாதமா நின்னார். நானும் சரின்னேன். டில்லியக் கேளுங்கோ."

பரத்வாஜ் டில்லிபாபுவைப் பார்த்தார்.

"ஆமா சார். சாருதான் சொன்னாரு" என்றார் டில்லிபாபு.

"அவன் எப்பவும் இப்படித்தான். எல்லாத்துக்கும் பயம்" என்று முனகிவிட்டுப் பெரியப்பா முகத்தைத் துண்டில் புதைத்துக்கொண்டார்.

வர்ஷினி அம்மாவை நோக்கி ஓரடி வைத்தாள். அம்மா தலையை மட்டும் அசைத்தாள். வேண்டாம் என்கிற அசைவு. அதற்கப்புறம், எல்லோர் காதிலும் விழுகிற சாதாரணக் குரலில், "அப்பாவ இறக்கப்போறா. அந்த இடத்தச் சுத்தம் பண்ணு" என்றாள்.

கார் நின்ற இடம் நீள்சதுரமாக வேறு நிறத்தில் தெரிந்தது. அங்கே காய்ந்த இலைகள் குவிந்து கிடந்தன. வர்ஷினி படிக்கட்டுக்கு அடியிலிருந்து துடைப்பத்தை எடுத்து வந்தாள். இரண்டாம் மாடி அன்புக்கரசி அவள் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"தொடப்பம் எடுக்காதடா கண்ணு. எடுக்குற வரைக்கும் பெருக்கக் கூடாது."

அவள் துடைப்பத்தைத் திருப்பி வைத்துவிட்டு வந்தாள். தரையில் மண்டியிட்டு உட்கார்ந்தாள். பாதாம் இலைகளை ஒவ்வொன்றாகக் கையால் பொறுக்கினாள், பெரியது அடியிலும் சிறியது மேலுமாக இடது உள்ளங்கையில் அடுக்கிக்கொண்டு. அவளுக்குப் பின்னால் பெட்டிக்காரர் பிளக்கைச் செருகிப் பார்த்தார். பெட்டி மெல்ல உறுமத் தொடங்கியது.