ஏழாம் இலக்கச் சட்டை

புறநகர் சார்செல்லிலிருந்து வரும் முதல் ரயிலில் வந்திறங்கி, விடிய முன்னமே தமிழ்க் கடைகள் நிறைந்த லா சப்பலில் எங்கள் கடையின் இரும்புக் கதவை முதுகு கொடுத்துத் தூக்கினோம். உறைந்த மீன் பெட்டிகள் வாசலில் குவிந்து கிடந்தன. கையுறை நனைந்து விரலோடு ஒட்டியது. ஆனால் ஒரு பெட்டியைக்கூட ஒருவரும் நிலவறைக்குக் கொண்டுபோகவில்லை. காதைக் கொடுத்துக்கொண்டு நின்றோம்.

டக், டக்.

கீழேயிருந்துதான் வந்தது. எங்களோடு வேலை செய்த டெனிஸ்டன் ஆட்டத்தில் பந்தை அடிக்குமுன் மூங்கில் தடியால் தரையில் இரண்டு தரம் தட்டுவான். அதே சத்தம். சாமான் ஏற்றும் லிப்ட் போன மாதம் அவனை நசுக்கிக் கொன்றது.

பேயை நான் நம்புகிற ஆள் இல்லை. முதலாளிமாரையும் நம்புகிறதில்லை. நிலத்துக்குக் கீழே ரயில் ஓடும்போது லிப்டின் தளர்ந்த சங்கிலி அடிபடுகிறது, அவ்வளவுதான். ஆனாலும் நானும் திடுக்கிட்டு ஓரடி பின்வாங்கினேன்.

எங்கள் முதலாளி தவரத்தினம் உணவகத்தில் கோப்பை கழுவ வந்தவர். ஊர்ப் பள்ளிக்கூடங்களில் ஆடும் எல்லேயை இங்கே நடத்தத் தொடங்கினார். அமெரிக்கர் ஆடும் பேஸ்போலுக்கு அது ஒன்றுவிட்ட சகோதரம்: தடியால் அடி, சுற்றி ஓடிவா. மற்றவர்கள் பொழுதுபோக்காக ஆட, இவர் நன்றாக அடிப்பவனுக்குக் கடையில் வேலை கொடுத்துத் தன்னோடு கட்டிப்போட்டார். குழுவின் சொந்தக்காரர், மனேஜர் எல்லாம் அவரே. பிறகு மற்றக் கடைக்காரரையும் கூட்டி வாய்ப்பேச்சாக ஒரு சட்டம் போட்டார்: ஒருவனுடைய ஆட்டக்காரனை இன்னொருவன் வேலைக்கு எடுக்கக்கூடாது. ஆடி வென்ற வெற்றிக் கோப்பைகள் கடைக் கண்ணாடிக்குள் நின்றன. நாங்கள் கூண்டுக்குள் நின்றோம்.

அன்று அவர் வந்தபோது ஒரு கையில் எலுமிச்சம்பழம், மறு கையில் மாதா படம்.

"டெனிஸ்டன் வேதக்காரன். அதுதான் மாதாவையும் சேத்துக் கொண்டந்தனான்," என்று சொல்லி இரண்டையும் லிப்ட் கதவில் கட்டினார்.

"சங்கிலியைக் கட்டாமல் பழத்தை ஏன் கட்டுறியள்?" என்றேன்.

"உமக்கு வயசு போட்டுது. உது அவன்ரை ஆவி."

"ஆவிக்குக் கொஞ்சம் எண்ணெய் விட்டாச் சத்தம் நிண்டிடும்."

பெடியள் சிரித்துவிட்டு உடனே வாயை மூடினார்கள்.

முதலாளி பைக்குள்ளிருந்து தோய்த்து மடித்த ஏழாம் இலக்கச் சட்டையை எடுத்து யோனிடம் நீட்டினார். "ஞாயிற்றுக்கிழமை பைனல். டெனிஸ்டன்ரை இடத்திலை நீர்தான். இப்ப மீனைக் கீழை இறக்கும்."

யோன் டெனிஸ்டனோடு ஒரே அறையில் படுத்தவன். சட்டையைத் தொடவில்லை.

"அவன்ரை சட்டையும் எனக்கு, அவன் செத்த லிப்டும் எனக்கோ? லிப்டைத் திருத்துமட்டும் இறங்கமாட்டன். ஞாயிறும் ஆடமாட்டன்."

"அப்ப வெளியிலை போம். இந்தத் தெருவிலை உம்மை ஆர் எடுக்கிறான் எண்டு பாப்பம்."

அதுதான் கத்தி. வேலை இல்லாவிட்டால் யோனின் விசாவைப் புதுப்பிக்க முடியாது. அது எல்லோருக்கும் தெரியும். நான் கையுறையைக் கழற்றிப் பெட்டியின்மேல் போட்டேன். மற்றவர்களும் ஒவ்வொருவராய்க் கழற்றினார்கள்.

முதலாளி தெருவைத் தாண்டிக் கத்தினார். "கிருஷிகன்! உம்மடை ஆக்களோடை இஞ்சை வாரும். உம்மடை முதலாளியோடை நான் கதைக்கிறன்."

கிருஷிகன் எதிர்க்கடை ஆள். பைனலில் எங்களுக்கு எதிராக ஆட இருப்பவன். போன வருஷ ஆட்டத்தில் ஓடிய யோனின் விலாவில் பந்தால் எறிந்து விழுத்தியவன். மிளகாய்ப் பெட்டியை நடைபாதையில் வைத்துவிட்டு வந்தான், பின்னால் நால்வர். எங்கள் வயிற்றில் அடிக்கத்தான் வருகிறான் என்று நினைத்தேன்.

அவன் யோனுக்குப் பக்கத்தில் வந்து நின்றான்.

"எங்கடை லிப்டும் உதே மாதிரித்தான் அண்ணை," என்றான் என்னிடம். பிறகு முதலாளியைப் பார்த்தான். "ஞாயிறு நாங்களும் வரமாட்டம். நீங்கள் ரெண்டு முதலாளிமாரும் காற்சட்டை போட்டு ஆடுங்கோ."

"ரெண்டு கடையையும் பூட்டப் பண்ணப்போறியளோடா?"

"டெனிஸ்டன் செத்த அண்டைக்குப் பூட்டினனீங்களோ?" என்று யோன் கேட்டான்.

முதலாளி சட்டையை அக்குளுக்குள் செருகிக்கொண்டு, மற்றக் கடைக்காரர்களுக்குப் போன் அடிக்கத் தொடங்கினார். மீன் உருகி, நீர் எங்கள் சப்பாத்துகளுக்குக் கீழே ஓடியது. மாலைக்குள் எத்தனை பேருக்கு வேலை இருக்கும் என்று எனக்குத் தெரியாது.

டக், டக்.

இந்த முறை ஒருவரும் திடுக்கிடவில்லை. யோன் குதிக்காலால் தரையில் இரண்டு தரம் தட்டினான். கிருஷிகன் தட்டினான். பிறகு நான்.