பருத்தி மெசினும் யோகராணியின் இருபத்திரண்டு பக்கமும்

யோகராணி இருபத்திரண்டு பக்கத்தைப் பாடமாக்கினாள். அதுவும் இங்கிலிசில். பருத்தி, அடிமை முறை, அமெரிக்காவின் தென் மாநிலத் தோட்டங்களின் பொருளாதாரம் என்று, நூற்றி எழுபத்தோராம் பக்கத்திலிருந்து நூற்றித் தொண்ணூற்றிரண்டு வரை ஒரு முழு அத்தியாயம். 1996ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் முழுக்க, கனடாவில், வோபர்னில் அவர்கள் குடியிருந்த பதினாலு மாடிக் கட்டடத்தின் குழாய்களில் தண்ணீர் ஓடவில்லை, பருத்திதான் ஓடியது. சோறு கொதிக்கையில் ஒரு பக்கம், பஸ்ஸுக்கு நிற்கையில் ஒரு பக்கம். கோயிலில் அர்ச்சனைக்கு நட்சத்திரம் கேட்ட ஐயருக்கு அவளுடைய புருசன் பொன்னம்பலம், "ஏற்றுமதியில் பாதிக்கு மேல்" என்று பதில் சொன்னார். ஐயரும் அந்த நட்சத்திரத்துக்கே அர்ச்சனையைச் செய்து முடித்தார்.

இவ்வளவு பாடும் ஒரு கடதாசிக்காக. யோகராணி ஒரு முதியோர் இல்லத்தில் துணி தோய்க்கும் லோன்ட்றியில் ஒன்பது வருடமாகப் பெட்ஷீற் மடிக்கிறவள். அவள் மடித்தவற்றை ஒன்றின்மேல் ஒன்று அடுக்கினால் சி.என். கோபுரம் கூச்சப்பட்டுக் குனிந்துகொள்ளும். இப்போது அங்கே சூப்பவைசர் வேலை ஒன்று வந்திருந்தது. எல்லாத் தகுதியும் அவளிடம் உண்டு, கிரேட் பன்னிரண்டு டிப்ளோமா மட்டும் இல்லை. யாழ்ப்பாணத்துச் சான்றிதழ்கள் வீட்டோடு எரிந்துபோயின. சனிக்கிழமைகளில் பெரியவர்களுக்கு நடக்கும் பள்ளிக்கூடத்தில் சேர்ந்து, கணக்கு, விஞ்ஞானம் என்று ஒவ்வொன்றாகப் பாசாகி வந்தாள். மிஞ்சியது சரித்திரம் ஒன்றுதான். ஜூன் முடிய முன் டிப்ளோமாவைக் காட்டினால் வேலை அவளுக்கு. காட்டாவிட்டால் மனேஜரின் மருமகனுக்கு. அந்தப் பொடியன் மடித்து வைத்த பெட்ஷீற்றைப் பூனை என்று நினைத்து ஒரு கிழவி பால் வைத்ததாகக் கேள்வி.

கடைசிச் சோதனையில் கேள்வி ஒன்றே ஒன்று: பருத்தி தென் மாநிலங்களின் சமூகத்தை எப்படி மாற்றியது? யோகராணி சிரித்துக்கொண்டே எழுதினாள். நாலு தரம் மேலதிகத் தாள் வாங்கினாள். ஐந்தாவது தரம் கேட்டபோது, சரித்திர ரீச்சர் ஹார்வி தன் சொந்தக் கொப்பியிலிருந்து கிழித்துக் கொடுத்தார்.

அடுத்த கிழமை பேப்பர் திரும்பி வந்தது. மேலே, இட்டலித் தட்டு அளவில் ஒரு சைபர்.

ஹார்வி அவளை மட்டும் கூப்பிட்டு, மெல்லிய குரலில், புத்தகத்தை ஒளித்து வைத்துப் பார்த்து எழுதியிருக்கிறாய் என்றார். சாட்சியும் வைத்திருந்தார். மூன்றாம் தாளின் அடியில் அவளுடைய வடிவான கையெழுத்தில், "187ஆம் பக்கத்திலுள்ள படத்தைப் பார்க்கவும்" என்று இருந்தது. எந்தப் படத்தைப் பார்க்க வேண்டும் என்று அவர் கேட்டார். யாழ்ப்பாணத்தில் அவள் படித்த பள்ளிக்கூடத்தில் புத்தகத்தின் ஒரு சொல்லை மாற்றினால் அரை மாக்ஸ் வெட்டுவார்கள். ஒரு சொல்லும் மாற்றாததற்கு முழு மாக்ஸையும் வெட்டுகிற ஊரை அவள் அன்றுதான் கண்டாள்.

வீட்டில் பொன்னம்பலம் நல்ல மனதோடுதான் கேட்டார்.

"இஞ்சரும், அங்கை இஞ்சை ரெண்டு சொல்லை மாத்தி எழுதியிருக்கலாமே?"

"புத்தகம் எழுதினவன் படிச்சவன். அவன்ர சொல்லை மாத்த நான் ஆர்?"

"அப்ப அடுத்த வருசம் பாப்பம்."

"அடுத்த வருசம் அந்தப் பூனைக்குட்டியிட்டை நான் லீவு கேட்டு நிக்கவோ? நான் விடமாட்டன்."

அடுத்த சனிக்கிழமை வகுப்பு தொடங்கியதும் யோகராணி எழுந்து முன்னுக்குப் போனாள். கைப்பை, கோட்டு, கையுறை, மணிக்கூடு எல்லாவற்றையும் கழற்றி ஹார்வியின் மேசையில் குவித்தாள். புத்தகத்தை எடுத்து, பக்கத்து மேசை பியூலாவின் கையில் கொடுத்தாள். பியூலா ஜமெய்க்காக்காரி, ஆஸ்பத்திரியில் நோயாளிகளைப் பராமரிக்கும் வேலை. அவளுடைய பாட்டனின் பாட்டன் கரும்புத் தோட்டத்தில் அடிமையாக இருந்தவர். அதனால் அந்த அத்தியாயம் நடந்த கிழமைகளில் வகுப்பே அவளுடைய முகத்தைப் பார்த்துத்தான் பேசியது.

"எங்கையிருந்து வேணுமெண்டாலும் கேளுங்கோ" என்றாள் யோகராணி.

ஹார்வி நூற்றி எண்பத்துநாலு என்றார். யோகராணி கண்ணை மூடினாள். அதற்குப் பிறகு நடந்ததைச் சொன்னால் நம்பமாட்டீர்கள், ஆனால் பியூலா சாட்சி. கோமா, முற்றுப்புள்ளி, படத்தின் கீழே பொடி எழுத்தில் இருந்தது, அச்சுப்பிழை, ஒன்றும் தப்பவில்லை. நூற்றித் தொண்ணூற்றொன்று வந்தபோது பியூலா புத்தகத்தை மூடிவிட்டு, இந்தப் பெண் நிறுத்தாவிட்டால் அட்டையில் இருக்கும் விலையையும் சொல்வாள் என்றாள்.

ஹார்வியின் காதுகள் பழமிளகாய் நிறத்துக்கு வந்துவிட்டன. நல்ல மனுசன். எல்லாருக்கும் முன்னால் மன்னிப்புக் கேட்டு, சிவப்புப் பேனையால் சைபரை வெட்டினார். ஆனால் அந்த இடத்தில் வேறொன்றும் எழுதவில்லை. பாடமாக்குவது வேறு, விளங்குவது வேறு என்றார். புத்தகத்தில் இல்லாத கேள்வி ஒன்று கேட்பேன், சொன்னால் பாஸ், சொல்லாவிட்டால் பெயில் என்றும் சொன்னார்.

கேள்வி இதுதான். பஞ்சிலிருந்து விதையைப் பிரிக்கும் மெசின் வந்து, ஐம்பது பேரின் வேலையை ஓராள் செய்யலாம் என்றானது. அப்படியானால் அடிமைகளின் தேவை குறைந்திருக்க வேண்டும். ஏழு லட்சமாக இருந்தவர்கள் எழுபது வருடத்தில் நாற்பது லட்சமானது ஏன்?

யோகராணி மனதுக்குள் இருபத்திரண்டு பக்கத்தையும் புரட்டினாள். ஏழு லட்சம் இருந்தது, நாற்பது லட்சம் இருந்தது, ஏன் என்று ஒரு வரியும் இல்லை. டிப்ளோமா சிறகடித்து யன்னலால் வெளியே போவது அவளுக்குக் கண்முன்னே தெரிந்தது. வாழ்க்கையில் முதன்முறையாக அவளிடம் சொந்தச் சொல்லைத் தவிர வேறொன்றும் இருக்கவில்லை.

அவள் சொன்ன இங்கிலிசைத் தமிழாக்கினால் இப்படி வரும்.

"போன வருசம் எங்கட லோன்ட்றிக்கு லொறி அளவிலை ஒரு புது மெசின் வந்தது. இனி உங்களுக்கு வேலை குறைவெண்டு மனேஜர் கேக் வெட்டினார். அடுத்த மாதம் வேறை மூண்டு இல்லத்துப் பெட்ஷீற்றும் எங்களிட்டை வந்து விழுந்திட்டுது. தோய்க்கிறதைத்தானே மெசின் செய்யும்? மடிக்கிறது கைதானே? பருத்தியும் அப்பிடித்தான். விதை பிரிக்கிறது கெதியாப் போச்சு. நடுகிறதும் பிடுங்குறதும் கைதான். முந்தி விதை எடுக்கேலாமல் கொஞ்சமா நட்டவை, இனி எவ்வளவு நட்டாலும் காசெண்டு கண்டினம். ஆதிக்குடிகளைத் துரத்திப்போட்டு அவையின்ர நிலமெல்லாம் பருத்தி போட்டினம். அவ்வளவு நிலத்துக்கும் கை வேணும். சம்பளம் குடுக்காமல் எடுக்கிற கை."

பியூலா கையை உயர்த்தினாள். குரலில் சிரிப்பு இல்லை. உன்னுடைய லோன்ட்றியும் அந்தத் தோட்டமும் ஒன்றா என்று கேட்டாள்.

"இல்லை, பியூலா" என்றாள் யோகராணி. "நான் நாலு மணிக்குக் கோட்டைப் போட்டுக்கொண்டு வீட்டை போறன். மனேஜர் என்னை விக்கேலாது. என்ர பிள்ளையைத் தன்ர சொத்தெண்டு எழுதேலாது. அங்கை தோட்டக்காரர் அடிமையளைக் காட்டி வங்கியிலை கடன் எடுத்து, அந்தக் கடனிலை இன்னும் ஆக்களை வாங்கினவை. மெசின் எப்பிடி வேலையைக் கூட்டுமெண்டு எனக்குத் தெரியும். மற்றது எனக்குத் தெரியாது, உன்ர ஆக்களுக்குத்தான் தெரியும்."

பியூலா புத்தகத்தைக் கீழே வைத்தாள். பிறகு மேசையைத் தட்டினாள், ஒருதரம், இரண்டுதரம். அடுத்த மேசையும் சேர்ந்தது. முப்பது மேசையும் சேர்ந்து அதிர்ந்ததில் ஒன்ராறியோ ஏரி கரையை விட்டு ஒரு முழம் பின்வாங்கியது. ஹார்வி சிவப்புப் பேனையை வைத்துவிட்டு நீலப் பேனை தேடினார். அகப்படவில்லை. பியூலாவிடம் இரவல் வாங்கி எண்பத்தெட்டு என்று எழுதி, கீழே கையெழுத்தும் போட்டார்.

ஜூன் பத்தாம் தேதி டிப்ளோமா மனேஜரின் மேசையில் இருந்தது. பதினோராம் தேதி லோன்ட்றியின் சாவிக்கொத்து யோகராணியின் இடுப்பில் இருந்தது. வாழ்த்துச் சொல்ல வந்த தமிழ்ச் சனம் எண்பத்தெட்டோடு நிற்கவில்லை. மார்க்கம் வீதியைத் தாண்டும்போது அது தொண்ணூற்றாறு. மல்வேர்னுக்குப் போய்ச் சேர்ந்தபோது நூற்றுக்கு நூற்றிருபது, ரீச்சர் மாலை போட்டவர், கனடாப் பிரதமர் ரெலிபோன் எடுத்தவர்.

யோகராணி ஒருவரையும் திருத்தவில்லை.