காகத்துக்கு வைக்காத சோறு

கல்லை மாற்றவேண்டும் என்று கிறிஸ்ரியன் சொன்னபோது, எனக்கு மனைவி சிறிதேவியின் முகம்தான் கண்ணுக்குள் வந்தது.

ஒஸ்லோ மயானம் ஒன்றில் நான் புல் வெட்டுகிறேன், சரிந்த கல் நிமிர்த்துகிறேன். கிறிஸ்ரியன் அங்கே மேலாளர். இரண்டாம் உலகப்போரில் விமானம் விழுந்து செத்த வெளிநாட்டுப் பிள்ளைகள் ஒரு மூலையில் கிடக்கிறார்கள். ஒருவனுக்குப் பெயர் இல்லை. கல்லில் ஒரு மேப்பிள் இலை, கனடா விமானப்படை, அவ்வளவுதான்.

எங்கள் மகன் கஜரூபன் வன்னியில் கடைசிச் சண்டையோடு காணாமல் போனவன். உடலும் இல்லை, குழியும் இல்லை. இங்கே வந்த வருடமே சிறிதேவி அந்தப் பெயரில்லாக் கல்லைப் பிடித்துக்கொண்டாள். மகனின் பிறந்தநாளில் விளக்குக் கொளுத்தி, அவனுக்குப் பிடித்த ரோல்ஸ் வைப்பாள். காகம் வந்தால் கலைப்பாள். காகத்துக்கு வைப்பது செத்தவர்களுக்கு. அவளுக்கு அவன் சாகவில்லை.

இப்போது அந்தக் கனடாப் பையன் யாரென்று கண்டுபிடித்துவிட்டார்கள். பெயரோடு புதுக் கல் வந்திருக்கிறது.

அன்று பின்னேரம் வீட்டில் சொன்னேன். வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்த சிறிதேவியின் கை நின்றது.

"எத்தினை வருசத்துக்குப் பிறகு?"

"எண்பதுக்கு மேலை."

"அப்ப தாய் தெரியாமலே போயிருப்பாள், என்ன?"

நான் சப்பாத்தைக் கழற்றினேன்.

"கல்லை நீங்களோ பிடுங்கிறியள்?"

"வேறை ஆர்?"

"உங்கடை முதுகுக்கு உது ஏலாது. மிஷின் கேளுங்கோ."

மறுநாள் கல்லைக் கிளப்பியபோது அடிமண் கறுத்து ஈரமாக இருந்தது. முதுகுக்குப் பின்னால் யாரோ நிற்பதுபோல இருந்தது. திரும்பினேன். யாரும் இல்லை. பிறகும் திரும்பினேன்.

புதுக் கல்லை நட்டு வேலை முடிகிற நேரம் சிறிதேவி வந்தாள். பையில் இரண்டு சாப்பாட்டுப் பெட்டிகள்.

"வாசியுங்கோ."

வயது போனபிறகு எழுத்துப் படித்தவன் நான். கல்லில் விரல் வைத்து வாசித்தேன். "றொபின்... வயது இருபத்திரண்டு."

"எங்கடையவனுக்கு இருபத்தொண்டு."

ஒரு பெட்டியைத் திறந்து சோறும் பருப்பும் கத்தரிக்காய்க் கறியும் கல்லடியில் வைத்தாள். "கா... கா..." என்று கூப்பிட்டாள். இத்தனை காலமும் கலைத்தவள். கிறிஸ்ரியன் ஒருமுறை பார்த்துவிட்டு வேறு பக்கம் போனான்.

"ஆருக்கு, தேவி?"

"இந்தப் பிள்ளைக்கு. தாய் வைச்சிருக்க மாட்டாள். செத்ததெண்டு அவளுக்கு ஆர் காட்டினது?"

சாம்பல் உடம்புக் காகம் ஒன்று இறங்கித் தின்றது. பிறகு தத்தித் தத்தி வந்து அவளுடைய பையைக் கொத்தியது.

"ச்சூ!" பையை நெஞ்சோடு அணைத்தாள். ரோல்ஸ் வாசம் வந்தது. "அது உனக்கில்லை!"

எங்கள் வீடு இருக்கும் வெஸ்ட்லிக்குப் போகும் மெட்ரோவில் சனம் நிறைந்திருந்தது. அவளுக்குப் பக்கத்தில் ஒரே ஓர் இடம் காலியாக இருந்தது. திறக்காத பெட்டியை எடுத்து அதில் வைத்தாள்.

கால் உளைந்தது. நான் நின்றுகொண்டே வந்தேன்.